அக்கா மகன் வி.எஃப்.எக்ஸ் (சினிமா கிராபிக்ஸ்) படிக்கணும் என்கிறான், 2.75 லட்சம் கட்டலாமா?

அம்பை மாமா:

வணக்கம். எனக்கு சினிமா பார்க்கத் தெரியும், அதற்கு மேல் ஒன்றும் தெரியாது. அம்பாசமுத்திரத்தில் வெல்டிங் பட்டறை வைத்திருக்கிறேன், கேட்டும் கிரில்லும் செய்கிறவன். அக்கா மகன் பி.எஸ்சி. கம்ப்யூட்டர் சயின்ஸ் கடைசி வருஷம். போன மாதம் திருநெல்வேலி போனவன் ஒரு பயிற்சி நிலையத்து நோட்டீஸோடு வந்தான்: ஒரு வருஷப் படிப்பு, 2.75 லட்சம், நூறு சதவீதம் வேலை உத்தரவாதம். நோட்டீஸில் டிராகன் படம் வேறு போட்டிருக்கிறது. அன்றையிலிருந்து பையன் யாரோடும் சரியாகப் பேசுவதில்லை. மச்சான் காலமாகி ஆறு வருஷம் ஆகிறது, அக்கா பீடி சுற்றித்தான் இவனைப் படிக்க வைத்தாள். நேற்று ராத்திரி என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "கழுத்துல கெடக்கத பேங்குல வச்சிரட்டுமாடே?" என்று கேட்கிறாள். எனக்கு பதில் சொல்லத் தெரியவில்லை. இது நிலைக்கிற வேலையா, சம்பளம் என்ன வரும், ஊரில் இருந்தபடியே பார்க்க முடியுமா? தெரிந்தவர்கள் ஒளிக்காமல் சொல்லுங்கள்.

பாளை பாண்டி:

கட்டாதீர்கள் அண்ணாச்சி. விளக்கம் ராத்திரி எழுதுகிறேன், இப்போது ஒரு கல்யாண வீட்டில் கேமராவும் கையுமாக நிற்கிறேன். அதற்குள் மருமகன் போய் அட்வான்ஸ் கட்டிவிடாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

முக்கூடல் காம்ப்:

நான் 2013-ல் இந்தத் தொழிலுக்கு வந்தவன், இப்போது சென்னையில் காம்பாசிட்டர். எங்கள் அம்மாவும் பீடி சுற்றினவள்தான், அதனால் கொஞ்சம் நீளமாகவே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அந்த நூறு சதவீத வேலை என்ன வேலை என்று யாரும் உங்கள் மருமகனிடம் சொல்லியிருக்க மாட்டார்கள். அது ரோட்டோ. டிராகன் இல்லை. ஹீரோ ஒரு தெருவில் நடந்து போகிறார், பின்னால் இருக்கிற தெருவை எடுத்துவிட்டு வேறு ஊரை வைக்க வேண்டும் என்றால், முதலில் ஹீரோவைப் படத்திலிருந்து வெட்டி எடுக்க வேண்டும். பச்சைத் திரைக்கு முன்னால் எடுத்திருந்தால் பாதி வேலை குறையும். ஆனால் முக்கால்வாசி நேரம் நேரமில்லை, வெளிச்சம் போய்விட்டது என்று திரை இல்லாமலே எடுத்து அனுப்பிவிடுவார்கள். அப்போது ஒருவன் உட்கார்ந்து தலை, கழுத்து, தோள், முழங்கை, ஒவ்வொரு விரல் என்று தனித்தனியாகக் கோடு போட்டு, அந்தக் கோட்டை ஆள் அசைகிறபடி அசைத்துக்கொண்டு போக வேண்டும். சினிமாவில் நொடிக்கு 24 படம், நாங்கள் ஃப்ரேம் என்போம். ஐந்து நொடி ஷாட் என்றால் 120 படம். அதுதான் ரோட்டோ. அதற்குப் பக்கத்து மேஜை பெயின்ட்: ஹீரோவைத் தொங்கவிட்ட கம்பி, மைக், பின்னால் தெரிகிற செல்போன் டவர், எல்லாவற்றையும் அழிக்கிற வேலை. சரித்திரப் படத்தில் எலெக்ட்ரிக் கம்பத்தை எடுத்தே ஒரு மாதம் ஓட்டியிருக்கிறேன். நன்றாகச் செய்தால் யாருக்கும் தெரியாது, தெரிந்தால் திட்டு விழும்.

இதற்கு மேலே மேட்ச்மூவ், அனிமேஷன், லைட்டிங், வெள்ளம் நெருப்பு புகை செய்கிற எஃப்.எக்ஸ் என்று போகும், கடைசியில் எல்லாம் வந்து சேருகிற இடம் காம்பாசிட்டிங், அதுதான் என் வேலை. உங்கள் பாஷையில் சொன்னால் ஜாயின்ட் தெரியாமல் கிரைண்டிங் பிடித்து பெயின்ட் அடித்துக் கொடுப்பது. இரண்டு இடத்தில் இரண்டு வெளிச்சத்தில் எடுத்த படத்தை ஒன்றாக வைக்கும்போது இருட்டு எவ்வளவு இருட்டு, ஃபிலிம் புள்ளி எவ்வளவு, தூரத்துப் பொருள் எவ்வளவு மங்கல் என்று மூன்றும் ஒத்துப்போக வேண்டும். இதற்குச் சாஃப்ட்வேரை விட கண்தான் முக்கியம்.

இப்போது காசு விஷயம். ரோட்டோவுக்குப் புதுப் பையன்களை எடுத்து கம்பெனிகளே சொல்லிக்கொடுத்து வேலை வாங்குவது பல இடத்தில் உண்டு. என்னை அப்படித்தான் எடுத்தார்கள், மூன்று மாதம் 5,000 கொடுத்துக் கற்றுக்கொடுத்தார்கள், அப்புறம் 8,000 சம்பளம், வடபழனியில் ஒரு அறையில் ஐந்து பேர். எங்கள் ஃப்ளோரில் போன வருஷம் சேர்ந்த பையனுக்கு 15,000. காசு கொடுத்துக் கற்றுத்தருகிற வேலைக்கு நாம் 2.75 லட்சம் கட்டிச் சேர்வது என்ன கணக்கு? அந்த உத்தரவாதத்துக்கு ஒரே அர்த்தம்தான், ஆட்கள் ஓடிக்கொண்டே இருக்கிற வேலை அது.

இன்னொன்று. எங்களுக்கு வருகிற ஷோரீல்களில், அதாவது வேலை கேட்கிறவர்கள் செய்து அனுப்புகிற மாதிரி வீடியோக்களில், ஒரே பயிற்சி நிலையத்துப் பையன்கள் பத்துப் பேர் அனுப்பினால் பத்திலும் அதே ரோபோ அதே மழைத் தெருவில் நடந்து வரும். இருபது நொடியில் மூடிவிடுவோம். அவனாக எடுத்து அவனாகச் செய்த ஒரு நிமிஷம் போதும், எது அவன் செய்தது என்று பிரித்துக் காட்டினால் இன்னும் நல்லது.

கற்றுக்கொள்ள இன்றைக்குக் காசே வேண்டாம். பிளெண்டர் என்கிற 3டி சாஃப்ட்வேர் இலவசம். நியூக் என்பதுதான் எங்கள் முக்கியமான சாஃப்ட்வேர், அதன் நான்-கமர்ஷியல் பதிப்பு இலவசம், 1920-க்கு 1080 அளவுக்கு மேல் வெளியே எடுக்க முடியாது, படிக்க அது போதும். டாவின்சி ரிசால்வ் என்கிற எடிட்டிங் சாஃப்ட்வேரின் இலவசப் பதிப்பிலேயே காம்பாசிட்டிங் செய்கிற ஃப்யூஷன் இருக்கிறது. பையனை ஒரு பரீட்சை வைத்துப் பாருங்கள்: போனில் 24 ஃப்ரேம் வைத்து ஐந்து நொடி எதையாவது எடுக்கட்டும், அசைகிற ஏதாவது ஒன்று. அதை நியூக்கில் ரோட்டோ செய்து கொண்டுவரட்டும். மூன்று நாளில் தூக்கிப் போட்டுவிட்டால் உங்கள் அக்கா கழுத்து தப்பித்தது. செய்து முடித்தால் மேற்கொண்டு பேசலாம்.

பாளை பாண்டி:

கல்யாணம் முடிந்து ஆல்பத்துக்கு நடுவில் எழுதுகிறேன். நான் நாலு வருஷம் ரோட்டோவும் பெயின்டும் செய்துவிட்டு ஊருக்குத் திரும்பி வந்து வண்ணார்பேட்டையில் வீடியோ எடிட்டிங் போட்டவன்.

அண்ணாச்சி, உங்கள் அக்கா செய்கிற வேலையைத்தான் மருமகன் ஏசி அறையில் உட்கார்ந்து செய்யப் போகிறான். கடையில் இலையும் தூளும் எடை போட்டுக் கொடுத்து, இத்தனை பீடி வரணும் என்கிறான் இல்லையா? இலை மோசமாக இருந்து குறைந்தால் கைக்காசு போட்டு வாங்கிச் சேர்க்கிறாள் இல்லையா? இங்கேயும் அதேதான். இந்த ஷாட்டுக்கு இரண்டு நாள் என்று மேலே எவனோ கணக்குப் போட்டிருப்பான். நாலு நாள் ஆனால் மிச்ச இரண்டு நாள் நம் தூக்கத்திலிருந்து போகும். அங்கே கடைக்காரர் கட்டைப் பிரித்துப் பார்த்துக் கழித்துத் தள்ளுவார், இங்கே அதற்கு ரீடேக் என்று பெயர். பாக்கெட்டில் அக்கா பேர் வராது, படத்தில் கடைசியில் ஓடுகிற பேரில் ரோட்டோக்காரன் பேர் பாதி நேரம் வராது.

மேலே போனால் சரியாகிவிடும் என்பார்கள். லைஃப் ஆஃப் பை படத்தில் புலி செய்த ரிதம் அண்ட் ஹியூஸ் கம்பெனி 2013 பிப்ரவரியில் திவாலானது, அதே மாதம் அதே படத்துக்கு ஆஸ்கர். உள்ளே விருது வாங்கினவர் கம்பெனி கஷ்டத்தைப் பற்றிப் பேச ஆரம்பித்ததும் பாட்டைப் போட்டு இறக்கிவிட்டார்கள், வெளியே அந்தத் தொழில்காரர்கள் கூட்டமாக நின்று கொடி பிடித்துக்கொண்டிருந்தார்கள். அவ்வளவு பெரிய ஆளுக்கே அந்தக் கதி. 2025 பிப்ரவரியில் டெக்னிகலர் என்கிற பெரிய வி.எஃப்.எக்ஸ் கம்பெனி சாய்ந்தபோது பெங்களூரிலும் மும்பையிலும் இருந்தவர்கள் ஒரு நாளில் தெருவுக்கு வந்தார்கள்.

முக்கூடல் காம்ப்:

பாண்டி சொன்னதில் பொய் இல்லை. ஏன் அப்படி நடக்கிறது என்பதை மட்டும் சேர்த்துக்கொள்கிறேன், ஏனென்றால் பையன் எந்த இடத்தில் சேர்ந்தாலும் இது தெரிந்திருக்க வேண்டும். கம்பெனி ஒரு ஷாட்டை மொத்தத் தொகைக்குப் பேசி எடுக்கிறது. அண்ணாச்சி ஒரு கேட்டுக்கு ரேட் பேசிவிட்டு, வீட்டுக்காரர் ஐந்து தடவை டிசைனை மாற்றச் சொல்லி, அதே ரேட்டுக்கு ஐந்து கேட் செய்துகொடுத்தால் பட்டறை எத்தனை நாள் ஓடும்? அதுதான் கதை. டைரக்டர் மனசு மாறுகிற செலவு எங்கள் பக்கம் விழுகிறது. இதோடு வெளிநாட்டு வேலை அங்கே நின்றால் இங்கே நிற்கும். 2023-ல் மே மாதம் ஹாலிவுட் எழுத்தாளர்கள் வேலைநிறுத்தம், ஜூலையில் நடிகர்கள் சேர்ந்துகொண்டார்கள், நவம்பர் வரை போனது. படம் எடுத்தால்தானே ஷாட் வரும்? எங்கள் நண்பர்கள் ஆறு ஏழு மாதம் சும்மா இருந்தார்கள்.

டிவி வேலை வேறு மாதிரி. சாமி சீரியல், பாம்பு சீரியல் எல்லாம் காலையில் ஃபுட்டேஜ் வந்தால் ராத்திரி போக வேண்டும், கார் ஜன்னலுக்கு வெளியே பச்சை தெரிந்தாலும் சில நேரம் அப்படியே போயிருக்கிறது, சிரிக்காதீர்கள். கை வேகம் வரும், கண் கெட்டுப்போகும். முதல் வேலையாக ஆறு மாதம் நல்லது, அதற்கு மேல் வேண்டாம் என்பது என் எண்ணம்.

கடையத்துக்காரி:

பாண்டி அண்ணன் பீடிக் கணக்கு ஒரு இடத்தில் இடிக்கிறது. பீடி சுற்றுகிறவர் இருபது வருஷம் கழித்தும் பீடிதான் சுற்றுவார். நான் ரோட்டோவில் பதினாலு மாதம்தான் இருந்தேன், இப்போது மேட்ச்மூவ், ஆறு வருஷம் ஆகிறது.

மேட்ச்மூவ் என்னவென்று எங்கள் ஐயாவுக்கு இப்படித்தான் சொன்னேன். திருநெல்வேலியிலிருந்து தென்காசி ரயிலில் போகும்போது பக்கத்துப் பனைமரம் சர்ரென்று ஓடும், தூரத்துப் பொதிகை மலை கூடவே வரும், கிட்டத்தட்ட நகராது. எது எவ்வளவு ஓடுகிறது என்று அளந்தால் ரயில் எவ்வளவு தூரம் போனது, ஜன்னல் எங்கே இருந்தது என்று திருப்பிக் கண்டுபிடிக்கலாம் இல்லையா? படத்தைப் பார்த்து கேமரா எங்கே நின்றது, எப்படி நகர்ந்தது என்று கண்டுபிடித்து கம்ப்யூட்டருக்குள் அதே கேமராவை வைப்பதுதான் வேலை. அது சரியாக இல்லை என்றால் அப்புறம் வைக்கிற யானையின் கால் தரையில் வழுக்கும். லென்ஸ் நீளம், கேமரா உயரம், இரண்டையும் செட்டில் குறித்துக் கொடுத்தால் பாதி நாளில் முடியும். நம் ஊர்ப் படங்களில் அந்தக் குறிப்பு வருவதே அபூர்வம், கதவு உயரம் ஏழடி இருக்கும் என்று நினைத்துக்கொண்டு ஆரம்பிப்பேன். கொஞ்சம் கணக்கு பிடிக்கிற பையன் என்றால் இந்தப் பக்கம் வரச் சொல்லுங்கள்.

நான் ரோட்டோவில் இருக்கும்போது மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் பதினைந்து நிமிஷத்தில் சாப்பிட்டுவிட்டு மேட்ச்மூவ் அண்ணன் பக்கத்தில் போய் நிற்பேன். முதல் மாதம் "என்னம்மா வேணும்" என்றார், மூன்றாவது மாதம் அவரே ஒரு பழைய ஷாட்டைக் கொடுத்தார். ரோட்டோவில் நன்றாக வேலை பார்த்தால் அங்கேயே வைத்துக்கொள்வார்கள், அதுதான் ஆபத்து, வாய்விட்டுக் கேட்க வேண்டும்.

ஊரிலிருந்து வேலை பற்றி: பெரிய வெளிநாட்டுப் படம் என்றால் இன்டர்நெட் இல்லாத அறை, போனை வெளியே வைத்துவிட்டுத்தான் உள்ளே போக வேண்டும். டி.பி.என். என்று ஒரு பாதுகாப்புத் தணிக்கை இருக்கிறது. கொரோனாவில் வீட்டிலிருந்து அனுமதித்தார்கள், படம் ஆபீஸ் கம்ப்யூட்டரிலேயே இருக்கும், திரை மட்டும் நம் வீட்டுக்கு வரும். நானும் கொக்கிரகுளம் பக்கம் வாடகைக்கு வீடு எடுத்து இரண்டு வருஷம் அப்படிப் பார்த்தேன். 2023 டிசம்பர் 17, 18 மழை ஞாபகம் இருக்கும், காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 செ.மீ. பெய்தது, தாமிரபரணி கலெக்டர் ஆபீஸ் வரை வந்தது. கரண்ட் மூன்று நாள் இல்லை, போனிலும் சிக்னல் இல்லை. உயிரோடு இருக்கிறேன் என்று சொல்லவே புதன்கிழமை ஆகிவிட்டது. டெலிவரி தேதி தள்ளவில்லை, என் ஷாட்டுகளை வேறு ஆளுக்கு மாற்றிவிட்டார்கள், தப்பு சொல்ல முடியாது. அதற்கப்புறம் நானே சென்னைக்கு வந்துவிட்டேன். புதுசாக வருகிறவன் முதல் இரண்டு வருஷம் ஆபீஸில்தான் இருக்க வேண்டும், பக்கத்து மேஜையில் கற்பதை வீட்டில் கற்க முடியாது.

பெண் பிள்ளைகள் படித்தால்: ராத்திரி ஷிஃப்டுக்கு வண்டி உண்டா என்று சேரும் முன்பே கேளுங்கள். டெலிவரி வாரத்தில் "அஞ்சு மணிக்கு முதல் பஸ் வந்துரும்மா" என்று சொல்லிய இடமும் பார்த்திருக்கிறேன்.

டவுன் எஞ்சினியர்:

இன்னும் இரண்டு வருஷத்தில் இது எல்லாமே ஏஐ செய்துவிடும், எதற்கு இவ்வளவு பேச்சு. பையனை டி.என்.பி.எஸ்.சி. எழுதச் சொல்லுங்கள்.

பாளை பாண்டி:

அதை எழுதினவர்கள் எத்தனை பேர் என் கடையில் ஆல்பம் ஒட்டுகிறார்கள் தெரியுமாவே?

முக்கூடல் காம்ப்:

எஞ்சினியர் சொல்வதைச் சும்மா தள்ளவும் முடியாது. நியூக் 13-ல், 2021-லேயே காப்பிகேட் என்று ஒன்று வந்துவிட்டது. பத்துப் பதினைந்து ஃப்ரேமை நாம் செய்து காட்டினால் மிச்சத்தை அது பார்த்துச் செய்யும். ஆளைச் சுட்டிக்காட்டினால் வெட்டித் தருகிற கருவிகளும் இருக்கின்றன. பின்னணி மங்கலாக இருக்கிற ஷாட், நிற்கிற ஆள் என்றால் முன்பு ஒரு நாள் எடுத்தது இப்போது ஒரு மணி நேரம். முடி பறந்தால், கை வேகமாகப் போய் அசைவில் கலங்கினால், ஒருவர் கை இன்னொருவர் சட்டை மேல் பட்டால் உளறும், ஃப்ரேமுக்கு ஃப்ரேம் ஓரம் கொதிக்கிற மாதிரி துடிக்கும். அதைத் திருத்த ஆள் வேண்டும். ஆனால் பத்துப் பேர் இருந்த இடத்தில் மூன்று பேர் போதும் என்று ஆகிக்கொண்டிருக்கிறது. எனக்கு உண்மையான கவலை வேறு: நாங்கள் எல்லோரும் ஏறி வந்த ஏணியின் முதல் படி ரோட்டோ. அந்தப் படியை எடுத்துவிட்டால் உங்கள் மருமகன் எதில் கால் வைப்பான்? எனக்குத் தெரிந்து ஒரே வழி, ரோட்டோ மட்டும் தெரிந்தவனாகப் போகாமல் காம்பாசிட்டிங் அடிப்படையும் தெரிந்துகொண்டு போவது. அந்த 2.75 லட்சப் படிப்பில் அதற்கு எத்தனை வாரம் என்று கேளுங்கள்.

அம்பை மாமா:

எல்லோருக்கும் நன்றி. போய்க் கேட்டேன். ரோட்டோ, பெயின்ட் எட்டு மாதம், மிச்சம் நாலு மாதத்தில் எல்லாம் என்றார்கள். போன வருஷம் வேலைக்குப் போன பிள்ளைகளின் நம்பர் கேட்டேன், "அது பிரைவசி சார்" என்று விட்டார்கள். இன்னொன்று, பையனின் கூட்டாளி ஒருவனுக்கு சென்னையில் வேலை கிடைத்ததாம், இரண்டு வருஷ பாண்ட், ஒரிஜினல் சர்டிபிகேட்டை வாங்கி வைத்துக்கொள்வார்களாம். அது வழக்கமா?

பாளை பாண்டி:

பாண்டு கேட்கிற இடம் உண்டு, ஒரிஜினலை மட்டும் கொடுக்கவே கூடாது. என் பத்தாம் வகுப்பு சர்டிபிகேட்டை ஒரு கம்பெனியிடமிருந்து திருப்பி வாங்க ஏழு தடவை நெல்லை எக்ஸ்பிரஸில் போய்வந்தேன். டிக்கெட் செலவே கம்பெனி பாக்கி வைத்த சம்பளத்தைத் தாண்டிவிட்டது. பேரு சொல்ல மாட்டேன், இப்போது அந்தப் போர்டே அங்கே இல்லை. அப்புறம் வாட்ஸ்அப்பில் ஃப்ரேமுக்கு இவ்வளவு என்று வருகிற வெளிவேலை, பாதிப் பணம் முன்னால் வராமல் ஒரு கோடு போடக்கூடாது.

கடையத்துக்காரி:

பிளஸ் டூ முடிக்கிற பிள்ளைகள் யாராவது படித்துக்கொண்டிருந்தால்: சென்னை தரமணியில் எம்.ஜி.ஆர். பெயரில் அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனம் இருக்கிறது, அனிமேஷனும் விஷுவல் எஃபெக்ட்ஸும் பட்டப்படிப்பாகவே உண்டு. தனியார் நோட்டீஸுக்கு முன்னால் அதை விசாரியுங்கள். அண்ணாச்சி மருமகனுக்கு அது கொஞ்சம் லேட்.

அம்பை பையன்:

வணக்கம், அந்த மருமகன் நான்தான். மாமா போனில் இதையெல்லாம் காட்டினார். டிராகன் பற்றிப் பேசினதுக்கு முதலில் கோபம் வந்தது. காம்ப் அண்ணன் சொன்ன பரீட்சையைச் செய்திருக்கிறேன், இணைப்பு கீழே. நடக்கிற ஆளை எடுக்கலாம் என்று படித்துறைக்குப் போனேன், கூட்டம். அப்புறம் வீட்டுத் திண்ணையில் அம்மா சுளவை மடியில் வைத்துப் பீடி சுற்றுகிற கையை எடுத்தேன். 120 ஃப்ரேம். இரண்டு கையும் பத்து விரலும். ஒன்பது நாள் ஆனது. லேப்டாப் நண்பனுடையது, ராத்திரி மட்டும் கிடைக்கும்.

முக்கூடல் காம்ப்:

ஏன் தம்பி இவ்வளவு கஷ்டமானதைப் போய் எடுத்தாய்? எங்கள் இடத்தில் இந்த ஷாட்டை சீனியருக்குத்தான் கொடுப்போம். மூன்று தடவை ஓட்டிப் பார்த்தேன். இனி நோட்ஸ்.

விரலைக் கணுவுக்குக் கணு பிரித்தது சரி. ஆனால் நீ ஒவ்வொரு ஃப்ரேமிலும் கீ போட்டிருக்கிறாய், அதாவது கோட்டைக் கையால் நகர்த்தி அந்த இடத்தைக் குறித்திருக்கிறாய், அதனால்தான் ஓரம் நடுங்குகிறது. விரல் மடங்கி முடிகிற இடம், நிமிர்ந்து முடிகிற இடம், முதலில் இரண்டில் மட்டும் கீ போடு, நடுவில் இருப்பதைச் சாஃப்ட்வேரே நகர்த்திக்கொள்ளும். அப்புறம் நடு ஃப்ரேமில் ஒன்று, அதற்கும் நடுவில் ஒன்று. முக்கால்வாசி இடத்தில் அதுவே போதும். 46-லிருந்து 52 வரை வலது கட்டைவிரல் வேகத்தில் கலங்குகிறது, நீ கலங்கலின் வெளி ஓரத்தில் கோடு போட்டிருக்கிறாய், விரல் தடித்துத் தெரிகிறது. கலங்கலின் நடுவில் கோடு போட்டு மோஷன் பிளர் ஆன் செய். 80-க்குப் பிறகு இடது சுண்டுவிரல் சுளவுக்குப் பின்னால் போகிறது, அங்கே ஷேப்பை, நீ கோடு போட்ட வடிவத்தை, அழிக்காதே, பின்னால் இருப்பதாகவே கொண்டுபோ, திரும்பி வரும்போது தாவாது. திருத்தி அடுத்த வாரம் போடு. வேலைக்கு எடுப்பதைப் பற்றி அப்புறம் பேசலாம், இப்போதைக்கு யாருக்கும் பணம் கட்டாதே.

அம்பை மாமா:

நேற்று ராத்திரி அக்காவிடம் அதை ஓட்டிக் காட்டினேன். கருப்புத் திரையில் வெள்ளையாக இரண்டு கை மட்டும் சுற்றிக்கொண்டே இருக்கிறது. கொஞ்ச நேரம் பார்த்தாள். "எல்லாஞ் செரி, நூல எங்கடே?" என்று கேட்டாள்.

முக்கூடல் காம்ப்:

அட, ஆமாம். நான் மூன்று தடவை பார்த்தும் விட்டுவிட்டேன். தம்பி, நூலுக்குத் தனி ஷேப்.